உட்காராத மனுஷன்

என் மகள் போனில் தொடர்கதை படிக்கிறாள். எல்லாம் ஒரே மாதிரிக் கதை. ஜமீன் வீட்டுப் பெண், குதிரை லாயத்தில் வேலை பார்க்கிற ஆள். இல்லாவிட்டால் கலெக்டர் துரையின் மகள், அவர் பங்களாத் தோட்டக்காரன். அவள் கையில் விசிறி இருக்கும், அவன் கையில் காய்ப்பு இருக்கும். மூன்றாவது அத்தியாயத்தில் தவறாமல் மழை பெய்யும். "நீயும் படிச்சிப் பாரேம்மா, உன் கதை மாதிரியே இருக்குது" என்று நாலைந்து கதைகளை என் போனுக்கும் தள்ளிவிட்டாள். மூக்குக்கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் போட்டுக்கொண்டு அத்தனையும் படித்தேன். எனக்கு வந்த எரிச்சல் கொஞ்சநஞ்சமில்லை.

அந்தக் கதைகளில் வருகிற ஆண்களுக்கு என்ன தைரியம்! கதவைத் தள்ளிக்கொண்டு மாளிகைக்குள் நுழைகிறான். ஜமீன்தாரின் எதிரே கால்மேல் கால் போட்டு உட்காருகிறான். "உங்கள் மகளை அழைத்துப் போக வந்திருக்கிறேன்" என்கிறான். அடேயப்பா! என் ஆளை ஒரு நாற்காலியில் உட்கார வைப்பதற்குள் எனக்குப் பாதி உயிர் போய்விட்டது. மற்றவர்களுக்கு ஜாதகம் இடிக்கும், சீர்வரிசை இடிக்கும். எங்களுக்கு நாற்காலி இடித்தது.

இப்போது அவரைப் பார்க்கிறவர்கள் யாரும் இதை நம்பமாட்டார்கள். ரிட்டயர் ஆனதிலிருந்து காலையில் பேப்பரோடு சோபாவில் உட்கார்ந்தால் மத்தியானச் சாப்பாட்டுக்குத்தான் எழுந்திருக்கிறார். நடுவில் நான் பெருக்க வந்தால் காலை மட்டும் தூக்கிக் காட்டுவார்.

அப்போது நான் விருத்தாசலம் செராமிக் எஸ்டேட்டில், மண்ணைச் சோதிக்கிற லேப்பில் வேலை பார்த்தேன். ஒவ்வொரு யூனிட்டிலிருந்தும் அவர்கள் கலக்கும் மண்ணில் விரல் நீளத்துக்கு ஒரு பட்டை செய்து கொண்டுவருவார்கள். ஈரமாக இருக்கும்போது அதை அளப்பேன், காய்ந்ததும் அளப்பேன், சூளையிலிருந்து வந்ததும் அளப்பேன். எவ்வளவு சுருங்கியிருக்கிறது என்று எழுதிக் கொடுப்பேன். அதை வைத்துத்தான் அச்சை எவ்வளவு பெரிதாகச் செய்ய வேண்டும் என்று முடிவு செய்வார்கள். இல்லாவிட்டால் ஊறுகாய் ஜாடிக்குச் செய்த மூடி ஜாடிக்குள்ளேயே விழுந்துவிடும். வக்கீல் வீட்டுப் பெண், அதுவும் ஒரே பெண், மண்ணை அளக்கப் போகிறாளாம் என்று எங்கள் தெருவில் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். நான் குடையை விரித்துக்கொண்டு, புடவைக் கொசுவம் கலையாமல், அவர்கள் வாசல் வழியாகவேதான் நடந்து போவேன்.

அவர் ஒரு யூனிட்டில் வெள்ளைக் களிமண்ணும் கல்லை அரைத்த மாவும் கலக்கிற வேலையில் இருந்தார். முதல் நாள் லேப்புக்குள் வந்தபோது தலைமுடி வெள்ளை, புருவம் வெள்ளை, காது மடல்கூட வெள்ளை. நான் ரிஜிஸ்டரிலிருந்து நிமிர்ந்து பார்த்துவிட்டு, "வாங்க பெரியவரே, உக்காருங்க" என்று சொல்லிவிட்டேன். அவருக்கு அப்போது இருபத்தாறு வயது. கோபித்துக்கொள்ளவில்லை. பல் மட்டும் தெரியச் சிரித்துவிட்டு, "பரவாயில்லீங்க மேடம், நிக்கிறேன்" என்றார்.

அதற்குப் பிறகு செவ்வாய்க்கிழமைதோறும் வந்தார். செவ்வாய்க்கிழமைதோறும் நின்றார். ஸ்டூலை இழுத்துப் போட்டாலும் நின்றார். நான் அளந்து, கணக்குப் போட்டு, எழுதி, முத்திரை குத்தும்வரை கைகட்டிக்கொண்டு நிற்பார். எனக்கு முதலில் பாவமாக இருந்தது, அப்புறம் எரிச்சலாக வந்தது. ஒரு நாள் கத்தியே விட்டேன். "நான் என்ன உங்க மேஸ்திரியா? உக்காருங்கன்னா உக்கார மாட்டீங்களா? நான் உக்காந்துக்கிட்டு நீங்க நின்னா எனக்கு எப்படி இருக்குது தெரியுமா?"

அவர் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"ரெண்டு வருஷத்துக்கு முந்தி ஒரு தபா வேலை முடிஞ்சி பஸ்ஸுல வந்துக்கிட்டிருந்தேங்க. ஒரு அம்மா கல்யாணத்துக்குப் போறவங்க, புதுப் பட்டுப்புடவை, அரக்கு கலரு. நின்னுக்கிட்டிருந்தாங்களேன்னு நான் எந்திரிச்சி எடம் குடுத்தேன். உக்காந்தாங்க. எறங்கினப்ப பாத்தா பின்னாடி பூரா வெள்ளை, என் மேலே இருந்த மண்ணு. பஸ் ஸ்டாண்டே சிரிச்சிது. அவங்களுக்கு ஏன் சிரிக்கிறாங்கன்னே தெரியலை. நான் பின்னாலயே மண்டபம் வரைக்கும் போனேங்க. ஒரு பொம்பளைகிட்ட போயி அதை எப்படிங்க சொல்றது? வாய் வரலை. அப்படியே உள்ள போயிட்டாங்க. அதுலேருந்து அடுத்தவங்க உக்கார்ற எடத்துல நான் உக்கார்றதில்லீங்க."

அவ்வளவுதான். முத்திரையை மை டப்பாவில் வைத்தவள் வைத்தபடியே இருந்தேன். முகம் தெரியாத ஒரு பெண்ணின் புடவைக்காக இரண்டு வருஷமாக ஒருத்தர் நின்றுகொண்டே இருக்கிறார். எங்கள் சொந்தத்தில் படித்தவர்களையும் பட்டம் வாங்கியவர்களையும் நிறையப் பார்த்திருக்கிறேன், இப்படி ஒருத்தரைப் பார்த்ததில்லை. எனக்கு அவரை அந்த நிமிஷத்தில் பிடித்துப்போயிற்று. மழையெல்லாம் ஒன்றும் பெய்யவில்லை. நல்ல வெயில்.

பிடித்துப்போன பிறகு ஒரு வருஷம் வாயைத் திறக்காமல் இரண்டு பேரும் மண்பட்டையையே பேசிக்கொண்டிருந்தோம். "இந்த வாரம் ரொம்ப சுருங்கியிருக்குதே?" "களிமண்ணு ஜாஸ்தியாப் போட்டுட்டாங்க மேடம்." இதுதான் எங்கள் காதல் பேச்சு. என் மகளிடம் சொன்னால் தலையில் அடித்துக்கொள்கிறாள்.

ஒரு செவ்வாய்க்கிழமை என் செருப்பு வார் அறுந்து, வெறுங்காலோடு லேப்பில் நடந்துகொண்டிருந்தேன். அடுத்த வாரம் அவர் பட்டையோடு ஒரு பேப்பர் பொட்டலத்தையும் மேசையில் வைத்துவிட்டு, நான் பிரிப்பதற்குள் ஓடிப்போய்விட்டார். உள்ளே ஒரு ஜோடி செருப்பு. போட்டுப் பார்த்தேன். கடவுளே, அதில் இன்னொரு கால் நுழையும் போலிருந்தது. அதற்கடுத்த வாரம் பிடித்துக்கொண்டேன். "யாரு காலுக்கு வாங்கினீங்க?"

"உங்க காலுக்குத்தாங்க. அன்னிக்குத் தரையில என் மேலேருந்து கொட்டின மண்ணுல உங்க கால் தடம் இருந்துச்சி. ஸ்கேல் வெச்சி கரெக்டா அளந்தேனே?" என்றார். ஒரு நிமிஷம் யோசித்தார். அப்புறம் நாக்கைக் கடித்துக்கொண்டார். "ஐயையோ! எட்டுக்கு ஒண்ணு சேத்துட்டேங்க. சுருக்கத்துக்கு."

"செருப்பு என்ன சூளைக்கா போவுது?"

"பழக்கதோஷம் மேடம். மாத்திக் கொண்டாரேன்."

நான் மாற்றக் கொடுக்கவில்லை. அந்தச் செருப்பையே போட்டுக்கொண்டு படபடவென்று அடித்துக்கொண்டு நடந்தேன். வீட்டில் அந்தச் சத்தம் இரண்டு நாள் கேட்டது. மூன்றாம் நாள் அப்பா, கேஸ் கட்டிலிருந்து தலையைத் தூக்காமலே, "யாரும்மா வாங்கிக் குடுத்த செருப்பு அது?" என்று கேட்டார். அவர் குறுக்கு விசாரணை செய்கிற குரல் எனக்குத் தெரியும். பொய் சொல்லிப் பிரயோஜனமில்லை. எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். யார், என்ன வேலை, எந்த யூனிட்டு, எந்தத் தெரு, எல்லாம்.

அம்மா நான் பத்தாவது படிக்கும்போதே போய்விட்டாள். அப்பாவும் நானும்தான். அவர் கத்தவில்லை. அதுதான் பயமாக இருந்தது. ஸ்ரீமுஷ்ணத்தில் ஒரு நல்ல குடும்பம், பையன் பேங்கில் ஆபீசர், பேச்சு முக்கால்வாசி முடிந்திருந்தது. இரண்டு நாள் கழித்து அப்பா சாப்பிட உட்கார்ந்தபோது, "ஞாயித்துக்கிழமை வரச் சொல்லு. உக்காந்து பேசுவோம்" என்றார்.

அப்பாவுக்கு உட்கார்ந்து பேசுவது என்பது சாதாரண வார்த்தை இல்லை. அவருடைய அப்பா நிலக்காரர். குத்தகைக்காரர்களை மணிக்கணக்கில் வெயிலில் களத்தில் நிற்கவைத்துப் பேசுவாராம். அதைச் சின்ன வயதில் பார்த்துப் பார்த்து வெறுத்துப்போனவர் அப்பா. வக்கீல் தொழில் ஆரம்பித்த அன்றைக்கே ஆபீஸ் ரூமில் ஆறு நாற்காலி வாங்கிப் போட்டார். நீல வெல்வெட் மெத்தை தைத்த தேக்கு நாற்காலிகள். சாணி மிதித்த காலோடு வந்தாலும் சரி, தங்கச் சங்கிலி போட்ட கையோடு வந்தாலும் சரி, அந்த நாற்காலியில் உட்கார்ந்தால்தான் அப்பா பேச ஆரம்பிப்பார். யாராவது உட்கார மறுத்தால் அவருக்கு அவமானமாக இருக்கும். தன்னையும் தன் அப்பனைப்போல நினைத்துவிட்டார்களே என்று துடித்துப்போவார்.

இது எனக்குத் தெரியும். என் ஆள் உட்காரமாட்டார் என்பதும் எனக்குத் தெரியும். இரண்டையும் சேர்த்து யோசிக்கத்தான் அறிவில்லாமல் போய்விட்டது. காதலித்தால் மூளை மழுங்கும் என்று அந்தக் கதைகளில் எழுதுகிறார்களே, அது ஒன்றுதான் உண்மை.

ஞாயிற்றுக்கிழமை வந்தார். தேய்த்துத் தேய்த்துக் குளித்திருந்தார், தோல் சிவந்திருந்தது. இஸ்திரி போட்ட சட்டை, கறுப்பு பேன்ட். வெள்ளை இல்லாமல் அவரை அன்றைக்குத்தான் பார்த்தேன். அழகாகவே இருந்தார், அதை ஏன் மறைக்க வேண்டும்?

"உக்காருங்க தம்பி" என்றார் அப்பா.

"பரவாயில்லீங்க ஐயா."

"உக்காருங்க. பேசலாம்."

"இருக்கட்டுங்க, நிக்கிறேன்."

மூன்றாவது தடவையும் சொன்னார். மூன்றாவது தடவையும் அதே பதில். அப்பா முகம் சுருங்கியதை நான் கதவிடுக்கிலிருந்து பார்த்தேன். என்ன வேலை, எத்தனை வருஷம், அம்மா அப்பா எங்கே என்று நாலு வார்த்தை கேட்டார். இவர் நின்றபடியே பதில் சொன்னார். நின்றபடியே கும்பிட்டுவிட்டுப் போனார்.

கேட்டைத் தாழ்போட்டுவிட்டு வந்த அப்பா என்னிடம் சொன்னார்: "நல்ல பையன்தான். பொய் இல்லை. ஆனா வேணாம்மா. என் எதிர்ல உக்காராத ஆளு, உன் பக்கத்துல எப்படி உக்காருவான்?"

நான் பஸ் கதையைச் சொன்னேன். பட்டுப்புடவை, மண்டபம், எல்லாவற்றையும் மூச்சுவிடாமல் சொன்னேன். அப்பா பொறுமையாகக் கேட்டார். "சரி. அன்னிக்கு மேலெல்லாம் மண்ணு. இன்னிக்குக் குளிச்சிட்டு, துவைச்சித் தேச்ச துணியிலதானே வந்தான்? சுத்தமா இருக்கும்போதும் தன்னை அழுக்குன்னு நெனைக்கிறான் பாரு, அதுதான் எனக்குப் பயமா இருக்குது. இந்த வூட்டுல ஒவ்வொரு பொருளையும் பாத்துப் பாத்து ஒதுங்குவான். உன்னையும் அப்படித்தான் பாப்பான்."

அப்பா கேட்டது நியாயம். அந்த நியாயம்தான் எனக்கு ஆத்திரமாக வந்தது. தட்டைத் தள்ளிவிட்டு அழுதேன், இரண்டு வேளை சாப்பிடவில்லை. கடைசியில் அப்பா இறங்கி வந்தார். ஆனால் வக்கீல் இறங்குவதுபோல இறங்கினார். "இன்னும் ஒரே ஒரு வாய்தா. அடுத்த திங்கக்கிழமை ஸ்ரீமுஷ்ணத்துக்காரங்க சாயங்காலம் வராங்க, வாக்கு குடுத்தாகணும். அன்னிக்குக் காலையில ஒம்பது மணிக்கு, நான் கோர்ட்டுக்குப் போறதுக்கு முந்தி வரச் சொல்லு. உக்காந்தா பாக்கலாம். ஆனா நீ சொல்லி உக்காரவெக்கக் கூடாது. சொல்லிக் குடுத்த சாட்சியெல்லாம் என்கிட்ட செல்லாது." கையில் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டார்.

நடுவில் ஒரு செவ்வாய்க்கிழமை வந்ததே, அதை நான் எப்படித் தாண்டினேன் என்று எனக்கே தெரியாது. பட்டையை வைத்துவிட்டு வழக்கம்போல நின்றார். "உங்க அப்பா என்னங்க சொன்னாரு?" என்றார்.

"திங்கக்கிழமை காலையில ஒம்பது மணிக்கு வரச் சொன்னாரு."

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான்."

ஸ்டூல் பக்கத்திலேயே கிடந்தது. ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும். உதட்டைக் கடித்துக்கொண்டேன். அந்தப் பட்டையை மூன்று தடவை அளந்தேன், மூன்று தடவையும் வேறு வேறு அளவு வந்தது. அவர் போன பிறகு அந்த ஸ்டூலை ஓர் உதை உதைத்தேன். கால்விரல் வீங்கியதுதான் மிச்சம்.

திங்கட்கிழமை ஒன்பது ஆயிற்று, ஆள் வரவில்லை. ஒன்பதே கால். அப்பா கறுப்புக் கோட்டை மாட்டிக்கொண்டார். குமாஸ்தா கேஸ் கட்டுகளைக் கட்டி வாசலில் வைத்துக்கொண்டு நின்றார். நான் ஆபீஸ் ரூம் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அப்போது கேட்டில் சைக்கிளைச் சாத்துகிற சத்தம் கேட்டது.

உள்ளே வந்தவரைப் பார்த்து எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. தலை வெள்ளை, புருவம் வெள்ளை, சட்டை, பேன்ட், தோளில் கிடந்த துண்டு எல்லாம் வெள்ளை. நடந்து வந்த சிவப்புத் தரையில் வரிசையாக வெள்ளைத் தடம்.

"மன்னிச்சிக்குங்க ஐயா. விடியக்காலையில மண்ணு லாரி வந்துருச்சி. எறக்குறதுக்கு ரெண்டு ஆளு வரலை. வூட்டுக்குப் போயி குளிச்சிட்டு வந்தா நீங்க கோர்ட்டுக்குப் போயிடுவீங்களேன்னு அப்படியே வந்துட்டேன்."

அப்பா அவரை மேலும் கீழும் பார்த்தார். அப்புறம் எப்போதும் சொல்கிற அதே குரலில், "உக்காருங்க தம்பி" என்றார்.

முடிந்தது என்று நினைத்தேன். குளித்துவிட்டு வந்தபோதே உட்காராத மனுஷன், மூட்டை இறக்கிவிட்டு வந்து நீல வெல்வெட்டில் உட்காருவாரா? அவர் நாற்காலியைப் பார்த்தார். தன் கையைப் பார்த்தார். "பரவா..." என்று ஆரம்பித்தவர் தற்செயலாக என் பக்கம் திரும்பினார். நான் ஒன்றும் சொல்லவில்லை. சத்தியமாகச் சொல்லவில்லை. கண்ணைக்கூட அசைக்கவில்லை. ஆனால் அழாமல் இருக்கவும் முடியவில்லை.

அவர் உட்கார்ந்தார். நுனியில் எல்லாம் இல்லை, தொப்பென்று முழுதாக உட்கார்ந்தார். மெத்தையிலிருந்து புஸ்ஸென்று மண் கிளம்பி மூன்று பேருக்கும் தும்மல் வந்தது.

பிறகு எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன், அன்றைக்கு ஏன் உட்கார்ந்தீர்கள் என்று. "உன் மூஞ்சைப் பாத்தேன். நாற்காலியை அப்புறம் தொடச்சிக்கலாம்னு தோணுச்சி" என்பார். அதற்கு மேல் ஒரு வார்த்தை வராது.

அப்பா ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "என் பொண்ணை நல்லா வெச்சிப்பீங்களா தம்பி?"

அவர் மண்ணைக் கலக்குவதற்கு முன்னால் விரலில் தேய்த்துப் பார்ப்பாரே, அப்படி யோசித்தார். "அவங்க மேல வெள்ளை படாம வெச்சிக்க முடியாதுங்க ஐயா. வேலை அப்படி. மத்ததெல்லாம் பாத்துக்குவேன்."

அப்பா எழுந்தார், அவரும் எழுந்தார். நாற்காலியில் ஓர் ஆள் உட்கார்ந்த அச்சு அப்படியே வெள்ளையாக இருந்தது. அவர் பதறிப்போய்த் துண்டை எடுத்துத் துடைத்தார். துண்டில் இருந்த மண்ணும் சேர்ந்து மெத்தை முழுக்கப் பரவியது. துடைக்கத் துடைக்க அதிகமாயிற்று. அந்தச் சமயத்திலும் எனக்குச் சிரிப்பு வந்தது, என்ன செய்ய?

"வுடுங்க தம்பி, வேலைக்கு நேரமாவுது, போங்க" என்றார் அப்பா. அவர் என்னைப் பார்க்காமலே போய் சைக்கிளை எடுத்தார்.

சரியா, தப்பா, வேண்டுமா, வேண்டாமா, அப்பா ஒன்றும் சொல்லவில்லை. சுற்றி வந்து அந்த நாற்காலியிலேயே உட்கார்ந்தார். "காபி குடும்மா" என்றார். கொடுத்தேன். ஆற அமரக் குடித்தார். டம்ளரை வைத்துவிட்டு எழுந்து, குமாஸ்தாவை முன்னால் விட்டு, பின்னால் நடந்து போனார். போகும்போது அவர் முதுகைப் பார்க்கிற தைரியம் எனக்கு இல்லை, தலையைக் குனிந்துகொண்டு நின்றேன்.

அன்றைக்கு லீவு போட்டுவிட்டேன். சாயங்காலம் ஸ்ரீமுஷ்ணத்துக்காரர்கள் வருவார்கள். அவர்களுக்குப் பலகாரம் செய்வதா வேண்டாமா என்றுகூடத் தெரியாமல், மாவைப் பிசைந்து பிசைந்து மூடி வைத்தேன். ஐந்து மணிக்குக் கேட் திறந்தது. அப்பா வரவில்லை, குமாஸ்தா மட்டும் கட்டுகளைத் தூக்கிக்கொண்டு கோபமாக வந்தார். முப்பது வருஷமாக எங்கள் வீட்டில் இருக்கிறவர், என்னைத் தூக்கி வளர்த்தவர்.

"உங்க அப்பாவுக்கு என்னம்மா ஆச்சி இன்னிக்கி?" என்று கட்டுகளை மேசையில் போட்டார். "கறுப்புக் கோட்டுல பின்னாடி பூரா வெள்ளை. கோர்ட்டே பாக்குது. நாலு வக்கீலுங்க சொன்னாங்க, அமீனா சொன்னாரு. நான் தட்டிவுடப் போனா என் கையைத் தட்டிவுட்டுட்டாரு. ஜட்ஜுக்கு முதுகைக் காட்டி நடந்து வராரும்மா! இப்ப ஸ்ரீமுஷ்ணத்துக்காரங்களைப் பாத்துப் பேசிட்டு வரேன்னு பஸ் ஸ்டாண்டுக்குப் போயிருக்காரு, அந்தக் கோட்டோடவே."

மாவுக் கையோடு அவர் எதிரே போய் நின்றேன். "கேட்டவங்களுக்கு என்ன பதில் சொன்னாரு?" என்றேன்.

"என்ன சொன்னாரா? போறவன் வர்றவன்கிட்டல்லாம் ஒரே பதில்தான். 'இருக்கட்டும்யா, காலையில எங்க வூட்டு மாப்பிள்ளை வந்து உக்காந்துட்டுப் போனாரு'ங்கிறாரு."